வட்டமாகப் பரவிய ரத்தம்

மாமா,

உங்கள் போன் தறியடியில் நொறுங்கிக் கிடக்கிறது, அதனால்தான் இந்தச் சீட்டு. அண்ணனுக்கு மூக்கெலும்பு உடைந்துவிட்டது. மாற்றுத்துணி எடுக்க வந்தேன், திரும்ப ஆஸ்பத்திரிக்குப் போகிறேன். குழம்பு அடுப்பில் இருக்கிறது. அருவாளைத் தேடாதீர்கள், கிணற்றில் போட்டுவிட்டேன்.

"ஊடையில இழையக் குறைச்சிட்டியே மாப்ள" என்று அவன் சொன்னது தப்புதான். பூத்தையல் துணியில் நெடுக்கே ஓடும் பாவும் குறுக்கே ஓடும் ஊடையும் சமமாக இல்லாவிட்டால் பூ கோணிப்போகும் என்ற பயம் வாங்குகிறவனுக்கு இருக்காதா? லென்சு வைத்து இழையை எண்ணிக் காட்டியிருந்தால் ஒரு டீயோடு முடிந்திருக்கும். நீங்கள் தறிக்கட்டையை அவன் மூக்கில் இறக்கினீர்கள்.

அவன் ரத்தம் சொட்டிய துணியை அவனிடமே விரித்துக் காட்டினேன். இழை குறைந்திருந்தால் ரத்தம் ஒரு பக்கமாக நீண்டிருக்கும். இதில் ஒவ்வொரு சொட்டும் குங்குமப்பொட்டு மாதிரி வட்டமாக நிற்கிறது. ஜவுளிக்கடையில் பிறந்தவனல்லவா, பார்த்ததும் புரிந்துகொண்டான். "நெசவு சுத்தம்தான் தங்கச்சி. ஆனா அவன் கைய எடுக்காம விடமாட்டேன்" என்றான்.

பரளச்சி ஊர் அடியாட்களுக்குப் போன் போட்டிருக்கிறான். கதவை உள்ளே தாழ்போட்டுக்கொள்ளுங்கள். உங்கள் மேல் எனக்கும் கோபம் தீரவில்லை. ஆனாலும் சாப்பிட்டுவிடுங்கள்.

சத்யா

இன்னொன்று: நானே வந்து கூப்பிட்டாலும் திறக்காதீர்கள். என் பின்னால் அவர்கள் நிற்பார்கள்.