எந்தக் கட்சி அந்த நுண்ணுயிரி?

என் வாழ்விணைக்கு,

உடல்நலமும் உள்ளத் தெம்பும் உன்னை நீங்காதிருக்க விழைந்து எழுதுகிறேன்.

அறிவியல் வண்டியோடு இன்னும் ஓராண்டு ஊர் ஊராகச் செல்லட்டுமா என்று நீ கேட்ட மடல் கிடைத்துப் பதினெட்டு நாள் ஆகிறது. கூட்டங்கள் மிகுதி, பின்னர் எழுதுகிறேன் என்று அஞ்சலட்டையில் கிறுக்கினேன். அது பொய்.

இங்கு யாவரும் நலம். மகள் கணக்கில் தேறிவிட்டாள். சமையலறைக் குழாய் மட்டும் ஒழுகுகிறது. பழுதுபார்க்க மூன்று முறை வந்தவர், மூன்று முறையும் டீச்சர் எப்போது வருவார் என்றே கேட்டார். அதே வீட்டில்தான் நானும் இருக்கிறேன்.

சென்ற கிழமை, நீ முன்பு தங்கிய கல்லுடைக்கும் ஊரில் எனக்குக் கூட்டம். "கண்ணுக்குத் தெரியாமல் நம் குடிநீரில் குடியேறிய கொடும்பகை நுண்ணுயிரி! அதன் ஆட்சியை வீழ்த்துவோம்!" என்று முழங்கினேன். கைதட்டல் அடங்க நெடுநேரமாயிற்று. மேடையிலிருந்து இறங்கியதும் தையற்காரப் பெண் ஒருத்தி தயங்கித் தயங்கிக் கேட்டாள்:

"தப்பா நினைக்காதீங்க ஐயா, அந்த நுண்ணுயிரிங்கறவரு எந்தக் கட்சி?"

பொறுமையாக விளக்கினேன். அவள் சிரித்துவிட்டாள்.

"அட, டீச்சரம்மா கண்ணாடியில காட்டின புழுவா? அதுக்கா இவ்வளவு சத்தம்? அதைத்தான் நாங்க காய்ச்சியே கொன்னுட்டோமே."

தன் வீட்டுக்கு அழைத்துப் போனாள். சுவரில் கரிக்கோடுகள் கண்டேன். கீழைத்தெரு நீரைக் காய்ச்சியதாம். மேலைத்தெரு அதெல்லாம் வேண்டாத வேலை என்றதாம். எந்தத் தெருவில் எத்தனை பேருக்கு வயிற்றுப்போக்கு என்று இரண்டு திங்கள் இவளே குறித்திருக்கிறாள். மேலைத்தெருக் கோடுகள் நிலைப்படி வரை நீண்டிருந்தன. இப்போது அங்கும் அடுப்பெரிகிறதாம். டீச்சரம்மா சொன்னதால்தானே என்று அவளிடம் கேட்டேன். இல்லை, நீ சொன்னதையும் சோதித்துப் பார்த்துத்தான் நம்பினார்களாம்.

முப்பதாண்டாய்ப் பகுத்தறிந்து பார் என்று முழங்கினேன். பார்த்தார்கள், என்னை. நீ ஒரு சொட்டு நீரைக் காட்டினாய்.

எனக்குப் பொறாமை. அழகிய தமிழில் அழுக்காறு என்றாலும் எரிச்சல் அதேதான். மகள் ஏங்குகிறாள், உடனே திரும்பி வா என்று நான்கு மடல் எழுதிக் கிழித்தேன். மகள் ஏங்கவில்லை, தோழியரோடு களிப்பாகத்தான் இருக்கிறாள்.

ஆகவே விடை இது: போ. ஓராண்டு போதாதென்றால் ஈராண்டு.

ஒன்றை மட்டும் உன்னிடம் ஒளிக்க இயலவில்லை. நீ ஊர் ஊராகக் கொண்டுசெல்லும் அந்த நுண்ணோக்கி, அதற்குமுன் நம் வீட்டு மேசையில் ஆறு திங்கள் இருந்தது. நான் ஒருமுறையும் அதில் கண் வைக்கவில்லை. எத்தனை மேடையில் பேசியும் நுண்ணுயிரியை நான் இன்னும் கண்டதில்லை. அடுத்து எந்த ஊர் என்று எழுது. பொன்னாடையும் ஒலிவாங்கியும் வேண்டாம். வரிசையில் நிற்கிறேன், என் முறை வரும்போது எப்படிப் பார்ப்பதென்று சொல்லித் தா.

உன் விடைக்குக் காத்திருக்கும்,
உன் இணையன்