வியாழக்கிழமை என்று காட்டிய கணக்கு

நானா,

அன்றைக்குப் பாலாவியிலிருந்து திரும்பி வந்தபோது, வாசலில் காத்து நின்ற மதினியிடம் நான் சொல்லாமல் விட்டது ஒரேயொரு சொல். ஞாயிற்றுக்கிழமை.

இன்று காலை உங்கள் வங்கிக் கணக்கின் மாத அறிக்கை வந்திருப்பதாக என் போனில் செய்தி வந்தது. உங்கள் பெயரைப் போட்டு வணக்கம் சொல்லியிருந்தார்கள். உள்ளே ஒன்றுமில்லை. வங்கி தன் கட்டணத்தை எடுத்திருந்தது, அவ்வளவுதான். ஆனாலும் வரிவரியாகப் படித்தேன். உங்கள் தங்கச்சிக்கு இப்படிப் படிக்கப் பழக்கியது நீங்கள்தான்.

கார்ட் எடுத்த புதிதில் உங்களோடு புத்தளத்துக்குக் கடைக்குப் போவதென்றால் எனக்கு வெட்கமாக இருக்கும். அந்த மெஷினைக் கையில் தந்ததும் முதுகைத் திருப்பிக்கொண்டு, கடை முழுக்கக் கேட்கும்படி சொல்வீர்கள்: “எல்லாரும் அங்கால பாருங்க, கலியாணப் பொண்ணு உடுப்பு மாத்துது!” பிறகுதான் அந்த நாலு இலக்கத்தை அமத்துவீர்கள். அதை மதினிக்குக்கூட நீங்கள் சொன்னதில்லை. கணக்கைப் பார்க்கும் வேலை எனக்கு, இலக்கம் உங்களுக்கு. அதுதான் நம் ஏற்பாடு.

ஒரு மாதம் கணக்கில் தெரியாத கடையொன்றின் பெயர் வந்ததே, நினைவிருக்கிறதா? கதிரையை விட்டு எழும்பிவிட்டீர்கள். “ஆர் இவன்? இவன்ட கடவாசல்லயும் நான் மிதிச்சதில்ல. உடன பேங்குக்குப் போன் அடி புள்ள!” குசினிக்குள்ளிருந்து மதினி சிரித்தா. “அது நீங்க பெருநாளைக்குக் கோழி வாங்கின கடைங்க. தின்ட வாய்க்கு மறந்து போச்சா?” அப்போதுதான் தெரிந்தது, பலகையில் ஒரு பெயரும் பதிவில் இன்னொரு பெயருமாகக் கடைகள் இருக்கின்றன என்று. உங்களுக்கு அது பிடிக்கவே இல்லை. “கடைக்கு ஒரு பேர், பேங்குக்கு ஒரு பேரா? ரெண்டு பேர் வெச்சவன நம்பவே கூடாது.” ஆனால் அதற்குப் பிறகு ஒரு வழக்கம் வைத்துக்கொண்டீர்கள். பெயர் தெரியாவிட்டால் முதலில் வீட்டில் கேட்பது, பிறகுதான் பேங்கோடு கதை.

உங்களோடு வழக்கமாக வருகிறவருக்குக் காய்ச்சல் என்று அந்தத் திங்கட்கிழமை சுபஹுத் தொழுகைக்குப் பிறகு தனியாகக் கடலுக்குப் போனீர்கள். மறுநாள் படகு கவிழ்ந்தபடி நம் மாம்புரிக்கு வடக்கே கரையொதுங்கியது. கடற்படையும் தேடியது, ஊர்ப் படகுகளும் தேடின. நீங்கள் கிடைக்கவில்லை. உங்கள் போனும் பர்ஸும் கார்டும் உங்களோடு போயின.

கொஞ்ச நாள் பொறுத்துப் பள்ளிவாசலிலிருந்து பெரியவர்கள் வந்தார்கள். உடல் கிடைக்காதவர்களுக்குத் தொழுகிற காயிப் ஜனாஸாவைத் தொழுதுவிடலாம், மதினி வெள்ளை உடுத்தி, கணவனை இழந்தவள் வீட்டோடு இருக்கிற இத்தாவுக்கு உட்காரட்டும் என்றார்கள். கதவுக்குப் பின்னால் நின்றபடியே மதினி பதில் சொன்னா. “மையத்தக் காட்டுங்க. காட்டினா இப்பவே வெள்ளை உடுத்துறன்.”

அவர்கள் போன பிறகு ஒரு காரணமும் இல்லாமல் உங்கள் கணக்கைத் திறந்தேன். நாம் கேள்விப்படாத ஒரு கடையின் பெயர் இருந்தது. பக்கத்தில் பாலாவி என்று ஊர். தேதி வியாழக்கிழமை. நீங்கள் போனது திங்கள், நானா.

வீட்டில்தானே முதலில் கேட்க வேண்டும்? மதினியிடம் காட்டினேன். போனை வாங்கி நெஞ்சோடு வைத்துக்கொண்டா. “அந்த நம்பர் ஆருக்குத் தெரியும்? சொல்லு புள்ள, அவரத் தவிர ஆருக்குத் தெரியும்?” வேறு படகொன்று உங்களை ஏற்றியிருக்கும், தலையில் அடிபட்டு வீட்டை மறந்திருப்பீர்கள், பாலாவியில் எங்கோ கிடக்கிறீர்கள் என்று அவ ஒரு கதையைக் கட்டி முடித்தா. இப்படி முடிகிற கதைகளை வாசித்துவிட்டு உதட்டைப் பிதுக்கியவள் நான். அன்றைக்கு நானும் நம்பினேன்.

அடுத்த நாள் புத்தளத்தில் வங்கிக்குப் போனேன். மேசையில் என் வயதிருக்கும் ஒரு பெண் இருந்தா.

“கணக்குக்காரர் வந்தாத்தான் விவரம் சொல்லலாம், மிஸ். அவரிட்டயே ஒருக்காக் கேட்டுப் பாருங்களேன். வாங்கிட்டு மறந்திருப்பாரு. கனபேர் அப்பிடித்தான் வந்து சண்ட பிடிக்கிற.”

“அவர் கடலுக்குப் போயிருக்கிறார்.”

“அப்ப, வந்ததும் வரச் சொல்லுங்க.”

நான் எழும்பவில்லை. அவ என் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும், குரலைத் தாழ்த்தினா. “பொதுவாச் சொல்றன். கடையிட போர்டுல வேற பேர் இருக்கலாம். இதுல உள்ள தேதி காசு கடைக்குப் போய்ச் சேர்ந்த தேதி. சாமான் வாங்கினது அதுக்கு முந்தியும் இருக்கலாம். சில கடைக்காரங்க சுணங்கித்தான் அனுப்புற. பில் துண்டு அவங்ககிட்ட இருக்கும், கேட்டுப் பாருங்க.”

கேட்காமல் வந்திருக்கலாம். அந்தப் பெண் சொன்னதை மட்டும் மதினியிடம் சொல்லி, இரண்டு பேருமாக அழுது முடித்திருக்கலாம். ஆனால் ‘இருக்கலாம்’ என்றுதானே சொன்னா. அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு பஸ் ஏறினேன்.

பாலாவிச் சந்தியில் லொறிப் புழுதிக்குள் நின்று அந்தப் பெயரைக் கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை. கடைசியில் படகு எஞ்சின் சாமான் விற்கிற கடையொன்றின் பில்லில், கீழே சின்ன எழுத்தில் அது இருந்தது. பலகையில் வேறு பெயர். போனில் உங்கள் படத்தைக் காட்டியதும் முதலாளி சிரித்துவிட்டார்.

“இவரா! கலியாணப் பொண்ணு உடுப்பு மாத்துதெண்டு எங்க எல்லாரையும் செவரப் பாத்து நிக்க வெச்சாரே! எங்கட மெஷின் அந்தக் கெழமையெல்லாம் லைன் இழுத்து இழுத்துத்தான் வேல செஞ்சது. சுகமா இருக்காரா?”

வியாழக்கிழமைக் கணக்கைக் காட்டித் துண்டைக் கேட்டேன். துண்டை எடுத்து வைத்தார். எஞ்சினுக்குப் பெற்றோல் போகிற குழாய் ஒன்று. ஞாயிற்றுக்கிழமை பின்னேரம். உங்கள் கையெழுத்து. திங்கட்கிழமைக் கடலுக்காக வாங்கியிருக்கிறீர்கள். பிரதி ஒன்று கேட்டேன், தந்தார்.

மாம்புரி பஸ்ஸில் வரும்போது அந்தச் சொல்லை வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். வாசலில் மதினி நீங்கள் வாங்கிக் கொடுத்த பச்சைச் சாரியில் நின்றா. என்னை உள்ளே வரவிடவில்லை.

“அவர்தானா?”

“ஓம் மதினி. அவர்தான்.”

பொய்யில்லை. ஆனால் அவ அதற்குமேல் கேட்கவில்லை. முற்றத்து மணலிலேயே சுஜூதில் விழுந்தா. நெற்றியை எடுக்காமல் அல்லாஹ்வைப் புகழ்ந்து புகழ்ந்து அழுதா. அதற்குப் பிறகு ஒருத்தியின் முதுகைப் பார்த்து ஞாயிற்றுக்கிழமை என்று எப்படிச் சொல்வது?

மறுநாள் சொன்னேன். துண்டையும் கையில் கொடுத்தேன். வாசித்தா, திருப்பிப் பார்த்தா, மடித்து என்னிடமே தந்தா. முகம் மாறவில்லை.

“பேங்குல வியாழன் எண்டுதானே இருக்கு?”

“அது காசு போய்ச் சேர்ந்த நாள், மதினி.”

“அந்தக் கடைக்காரனுக்கு ரெண்டு பேர் எண்டும் நீதானே சொல்ற. ரெண்டு பேர் வெச்சவன நம்பவே கூடாதெண்டு ஆர் சொன்ன? ஒங்கட நானா.”

அவ மடித்துத் தந்த துண்டை என் போன் உறைக்குள் செருகிக்கொண்டேன்.

நீங்கள் இல்லை என்பது எனக்குத் தெரியும், நானா. அந்தத் தேதிக்கு என்ன பொருள் என்பதும் தெரியும். தெரிந்துகொண்டுதான் ஒவ்வொரு மாதமும் அறிக்கையைத் திறந்து, தெரியாத பெயர் ஒன்றைத் தேடுகிறேன். முன்பு அப்படியொன்றைக் கண்டால் பயப்படுவோம். இப்போது காணாவிட்டால், மூடிய போனை மறுபடி திறந்து முதல் வரியிலிருந்து பார்க்கிறேன். நம்பிக்கை மதினியிடம் இருக்கிறது. அதற்கு இடம் கொடுத்த வியாழக்கிழமை என்னிடம் இருக்கிறது. எல்லாம் தெரிந்திருந்தும் அந்த நாளை இறக்கி வைக்க ஓரிடம் எனக்கு அகப்படவில்லை.

மதினியிடம் நான் துண்டைக் கொடுத்ததற்கு அடுத்த வெள்ளிக்கிழமை, ஜும்ஆ தொழுகைக்குப் பிறகு உங்களுக்காகக் காயிப் ஜனாஸா தொழுதார்கள். மதினி இத்தாவுக்கு உட்காரவில்லை.