கறுப்புப் பல் மாமியார்

கியோத்தோ,
மார்ச் மாதம்.

அன்பு மகள் சயோகோவுக்கு அம்மா எழுதுவது. நான் இங்கே குண்டுக்கல் மாதிரி இருக்கிறேன், நீயும் மாப்பிள்ளை ஜென்ஜியும் அந்தப் பிரேசில் வெயிலில் கருகாமல் இருந்தால் சரி. முதலில் ஒரு மானக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன், வேறு யாராவது எழுதி நீ சிரிப்பதற்குள் நானே எழுதுகிறேன். போன மாதம் ஒரு படத்தில் செத்துப்போன அம்மாவாகப் படுத்திருந்தேன், முகத்தில் வெள்ளைத் துணி, பக்கத்தில் ஊதுபத்தி, மகனாக நடிக்கிறவன் கதறுகிறான், நான் குறட்டை விட்டுவிட்டேன். துணி ஏறி ஏறி இறங்கியதாம்.

அதற்காகக் கம்பெனி மேலாளர் கூப்பிட்டனுப்பினார். முப்பது வருஷத்துக்கு மேல உழைச்சிட்டீங்க யாசுனோ அக்கா, இனிமே வீட்டுல காலை நீட்டிப் படுங்க, மலர்க்கொத்து குடுத்து மரியாதையா அனுப்பி வைக்கிறோம் என்றார். படுத்ததாலதானய்யா இந்த வம்பே, இன்னும் படுக்கச் சொல்றீங்களா என்றேன். மனிதர் சிரிக்கவில்லை. அதே வாரம் உன் கடிதமும் வருகிறது, நடித்தது போதும், கப்பலேறி வந்து பேரனைப் பார்த்துக்கொள் என்று. இரண்டு பேரும் பேசிவைத்துக்கொண்டீர்களா?

நான் வரமாட்டேன் சயோகோ. பேரன்மேல் ஆசை இல்லாமல் இல்லை. படமெல்லாம் ஊமையாக இருந்தபோது பதின்மூன்று வயதில் உள்ளே வந்தவள் நான், படம் பேசத் தொடங்கியதும் இந்த மீன்கடைக் குரலுக்கு வேலையில்லை என்றார்கள், முப்பது தாண்டியதும் நாயகி முகம் போய்விட்டது என்றார்கள், ஒவ்வொரு தடவையும் மறுநாள் காலையில் போய் நின்றேன். எனக்கு வேறு என்ன தெரியும், கடிதம் எழுதும் அளவுக்குத்தான் எழுத்து வரும், வசனத்தாளின் கடின எழுத்தையெல்லாம் விக் வைக்கும் மொசுகே படித்துக் காட்டித்தானே மனப்பாடம் செய்கிறேன்.

இப்போது டைரக்டர் குசுமோட்டோ ஒரு சாமுராய் வீட்டு மாமியாருக்கு ஆள் தேடினார். அந்தக் காலத்துப் பெண்களைப்போல நிஜமாகவே புருவத்தை மழித்துப் பல்லில் கறுப்பு பூச வேண்டும் என்று பிடிவாதம். ஒருத்தியும் சம்மதிக்கவில்லை, ரசிகர்கள் ஓடிவிடுவார்களாம். ஓடுவதற்கு எனக்கு யார் மிச்சம்? மொசுகேயிடம் கத்தி வாங்கி மழித்தேன், பல்லைக் கறுப்பாக்கினேன், நேராக அவர் வீட்டு வாசலில் போய் நின்று இளித்தேன். அவர் சம்சாரம் ஐயோ என்று உள்ளே ஓடிவிட்டாள். அவர் மட்டும் ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, இவங்கதான் மாமியார், மேலாளர் என்ன வேணா சொல்லிக்கட்டும் என்றார். ஒப்பந்தம் ஆகிவிட்டது. மலர்க்கொத்தை வேறு யாருக்காவது கொடுக்கட்டும்.

பேரன் தூங்கும்போது குளிர் தாக்காமல் வயிற்றில் துணி சுற்ற மறக்காதே, வெயில் நாடானாலும் சுற்று. மாப்பிள்ளையிடம் ரொம்பச் சண்டை போடாதே, கொஞ்சம் போடு. மூன்று பேரும் நோய்நொடி இல்லாமல் நீண்டநாள் வாழ வேண்டும்.

இப்படிக்கு,
உன் புருவமில்லாத அம்மா,
யாசுனோ.

பின்குறிப்பு: நேற்றுதான் படப்பிடிப்பின் முதல் நாள். இருபது வருஷமாக எனக்குத் தலைகுனிந்து வணக்கம் சொல்லும் வாசல் காவலாளி, கூட்டத்துல நடிக்க வந்தவங்கல்லாம் பின்வாசல்ல நில்லுங்க பாட்டி என்றான். பேரைச் சொன்னேன். பல்லைப் பார்த்துவிட்டு, அப்படின்னா நான் சக்கரவர்த்தி என்றான். பின்வாசலில் போய் நின்றேன். அங்கே ஆள் பிடிக்க வந்தவன் என்னையும் இழுத்துப்போனான், மதியத்துக்குள் வேறொரு படத்தில் பிச்சைக்காரியாக நடித்து முடித்துவிட்டேன். குசுமோட்டோ ஸ்டூடியோ முழுக்க என்னைத் தேடினாராம். கூட்டத்துக்குக் கொடுத்த சோற்றுப் பொட்டலத்தில் ஒரு வறுத்த மீன் இருந்தது.