முடி தின்னும் பொத்தான்

பசியாவரம்
28.11.88

அன்புள்ள ரோசி சிஸ்டருக்கு,

இதை யாருக்கும் காட்டாதீர்கள். டாக்டருக்கும் வேண்டாம். படித்ததும் கிழித்துப் போடுங்கள், உங்கள் காலில் விழுகிறேன். அம்மா தூங்கின பிறகு எழுதுகிறேன். நைனா ஏரிக்கு வலை போடப் போய்விட்டார்.

உங்கள் வார்டில் பதினோராம் கட்டில் சாமுண்டீஸ்வரி நான். கழுத்தெலும்புக்குக் கீழே, தோலுக்கடியில் பொத்தான் மாதிரி ஒன்று வைத்தீர்களே, தையல் ஆறிவிட்டது. தலைமுடிதான் கொட்டிப்போய்விட்டது. ஆனால் ஊரில் யாரும் என் கிட்டே வருவதில்லை. பக்கத்து வீட்டுச் சின்னப்பெண் மட்டும் ஒருநாள் அதன்மேல் காதை வைத்தாள். "உள்ள எவனோ நடக்கறான்டி" என்று கத்திக்கொண்டு ஓடினாள்.

வெள்ளிக்கிழமை, காட்டூர்ப் பக்கத்திலிருந்து பூபதி என்பவரை அம்மா கூட்டிவந்தாள். எவராவது சோற்றில் செய்வினை மருந்து வைத்திருந்தால், வயிற்றின்மேல் குழலை வைத்து உறிஞ்சி எடுப்பவர். பொத்தான்மேல் பித்தளைக் குழலை அழுத்தி உறிஞ்சினார். வலித்தது. பிறகு தட்டில் துப்பினார். ஈரமாக ஒரு தலைமுடிச் சுருள்.

"பாத்தியாம்மா? ஆஸ்பத்திரில வெச்சது உள்ள குந்திகினு உம்பொண்ணு முடியத் துன்னுது. இன்னும் கீது. மறுபடி வரேன்" என்றார். அம்மா தலையில் அடித்துக்கொண்டு அழுதாள்.

சிஸ்டர், அது என் முடியேதான். என்னுடையது மாதிரியே செம்பட்டை, சுருட்டை. அன்றிலிருந்து தூக்கம் இல்லை. விரலால் பொத்தானைத் தொட்டால், உள்ளேயிருந்து யாரோ விரலால் திருப்பித் தொடுவது போல இருக்கிறது. உண்மையைச் சொல்லுங்கள். அது தின்கிறதா?

பதிலை வீட்டுக்குப் போடாதீர்கள். பழவேற்காட்டில் எங்கள் பள்ளிக்கூடத்துக்கு, சூசையம்மாள் டீச்சர் பெயருக்குப் போடுங்கள்.

உங்கள்
சாமுண்டி


சென்னை
3.12.88

என் கண்ணு சாமுண்டிக்கு,

உன் கடிதத்தைக் கிழிக்க மனம் வரவில்லை. பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டேன், சாவி என் கழுத்தில்.

அது எதையும் தின்னாது. உன் கை நரம்பெல்லாம் குத்திக் குத்தி ஒளிந்துகொண்டதே, நான்காம் தடவை ஊசி போட்டபோது என் மணிக்கட்டைக் கடித்தாயே, பல் தடம் இன்னும் இருக்கிறது! அந்தத் தொல்லை வேண்டாமென்றுதான் டாக்டர் இதை வைத்தார். சின்ன டப்பி, மேலே ரப்பர் மூடி. அதிலிருந்து மெல்லிய குழாய் ஒன்று, இதயத்துக்குப் போகும் பெரிய நரம்புக்குள் இறங்குகிறது. சோதனைக்கு ரத்தம் எடுப்பதும் அதில்தான், மருந்து ஏற்றுவதும் அதில்தான். குழாயில் ரத்தம் உறைந்துவிடாமல் கடைசியில் அலசி விடுவேன். அவ்வளவுதான் அதன் கதை. முடியைக் கொட்டவைப்பது மருந்து. மருந்து முடிந்தால் திரும்ப முளைக்கும்.

ஆனால் ஒன்று. யாரையும் அதில் வாய் வைக்க விடாதே. அழுக்குப் போனால் நேரே ரத்தத்தில் கலக்கும். காய்ச்சல், குளிர் ஏதாவது வந்தால் அன்றைக்கே புறப்பட்டு வா. வேலை முடிந்ததும் நாங்களே அதை எடுத்துவிடுவோம். இதை அம்மாவுக்குப் படித்துக் காட்டு. அந்த ஆளுக்கு உன் முடி எங்கே கிடைத்தது என்றும் யோசி.

பன்னிரண்டாம் தேதி, திங்கட்கிழமை உன் முறை. முதல் பஸ்ஸைப் பிடி.

அன்புடன்
ரோசி


பசியாவரம்
8.12.88, இரவு

அன்புள்ள சிஸ்டருக்கு,

உங்கள் கடிதம் நேற்றுதான் கைக்கு வந்தது. அம்மாவுக்குப் படித்தேன். "வெச்சவங்க வேற எப்பிடி எழுதுவாங்க?" என்றாள்.

இன்று அமாவாசை. பூபதி வரப்போகிறார். குழலுக்கு அது அசையவில்லையாம், கத்தியால் கீறி எடுப்பாராம். நைனாவிடம் சொன்னேன். "உங்கம்மா இஷ்டம்" என்று சொல்லிப் படகேறிவிட்டார். அம்மா காயத்துக்கு வைக்க மஞ்சள் அரைத்து வைத்திருக்கிறாள்.

நீங்கள் யோசிக்கச் சொன்னதை யோசித்தேன். உதிர்ந்த முடியை இங்கே கூரை ஓலையில் செருகி வைப்பார்கள். என் முடியையும் அம்மா அங்கேதான் செருகினாள். சாயங்காலம் ஏறித் தேடினேன். இல்லை. அம்மாவைக் கேட்டேன்.

"நோவு இன்னான்னு பாக்கணும்னு அவரு முன்னாடியே கேட்டாரு. குடுத்தேன். அதுக்கின்னா இப்போ?"

"அதைத்தாம்மா வாயில அடக்கி வெச்சிகினு துப்புனாரு."

பளீரென்று அறைந்தாள். பிறகு அடுப்பருகே போய் உட்கார்ந்தாள். இருட்டும்வரை அந்த மஞ்சளையே பார்த்துக்கொண்டிருந்தாள். சோறும் வடிக்கவில்லை.

இப்போது பக்கத்தில் படுத்திருக்கிறாள். தூங்குகிறாள் என்று நினைத்துத்தான் எழுத ஆரம்பித்தேன். கண் திறந்திருக்கிறது. நான் எழுதுவதைப் பார்க்கிறாள். சற்றுமுன் கையை நீட்டிப் பொத்தானைத் தொட்டாள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு இதுதான் முதல் தடவை. வெகுநேரம் விரலை எடுக்கவே இல்லை. "உன் நெஞ்சுதான்டி அடிச்சிக்குது. வேற எதுவும் இல்ல" என்றாள்.

அவள் மனதில் என்ன என்று தெரியவில்லை. திங்கட்கிழமை நான் வராவிட்டால், சிஸ்டர்

நாய் குரைத்துச் சட்டென்று நின்றுவிட்டது. தண்ணீரில் கோல் ஊன்றும் சத்தம். படகு கரை சேர்ந்துவிட்டது. மணலில் காலடி.

பூபதி கதவைத் தட்டுகிறார்.

"ருக்கும்மா, நேரமாச்சு. தொற."

அம்மா எழுந்திருக்கவில்லை. மறுபடி தட்டுகிறார். இப்போது என் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார். அம்மா ஒரு கையால் என் வாயைப் பொத்துகிறாள், இன்னொரு கை விளக்கை அணைக்க