சூரியனுக்கு வைத்த ஆறு பொட்டு

ராஜகீழ்ப்பாக்கம்
24.1.2026

அருமை மகள் கோகிலவாணிக்கு, சித்தப்பா பொன்னுசாமி எழுதுவது. நானும் உன் அம்மாவும் மாடியிலிருக்கும் ஆறு சோலார் பேனலும் நலம். டெக்சாஸில் நீயும் உன் வேலையும் நலம் என்று நேற்று உன் வாயாலேயே கேட்டாயிற்று. உன் அப்பா இருந்திருந்தால் ‘சந்தோஷம்’ என்று ஒரே வரியில் முடித்திருப்பார், என்னால் முடியாது. இனி சொல்லப்போகும் கதையை ஈரேழு உலகத்திலும் ஒருவரும் நம்பமாட்டார்கள் என்று கிழக்கு பார்த்து நின்று சத்தியம் செய்துவிட்டுத் தொடங்குகிறேன்.

பொங்கலன்று காலை நீ ஃபோனில் சொன்னாய். கடன் வட்டி ஏறியதிலிருந்தே அமெரிக்காக்காரன் கூரையில் பேனல் போடத் தயங்கினான், டிசம்பரோடு வரிச்சலுகையும் போயிற்று, உன் சோலார் கம்பெனியில் பாதிப்பேரை அனுப்பப்போகிறார்கள், பட்டியல் அடுத்த வாரம் வரும் என்று. பேனல் மலிவுதான், ஆள் பிடிக்கவும் அனுமதி வாங்கவும் ஏணி போடவும்தான் செலவு என்றும் சொன்னாய். இங்கே குரோம்பேட்டை ஜெயவேலு இரண்டு ஆளோடு வந்து, நாலு டீ குடித்து, சாயங்காலத்துக்குள் நமக்கு மாட்டிவிட்டுப் போனான். அவனை அனுப்பிவைத்தால் அமெரிக்காவின் பாதிக் கூரையைச் சித்திரைக்குள் முடித்துவிடுவான்.

ஃபோனை வைத்ததும் உன் அம்மா, அதான் என் அண்ணி, மாடியேறினார். மகளுக்குச் சோறு போடுவது சூரியன், நம் வீட்டில் சூரியனுக்கு வேலை செய்வது இந்த ஆறு பேனல் என்று, பொங்கல் பானைக்குக் குழைத்த சந்தனத்தை ஒவ்வொன்றிலும் தோசைக்கல் அகலத்துக்குப் பூசி நடுவில் குங்குமமும் வைத்துவிட்டார். கரண்ட் பாதாளத்துக்குப் போயிற்று. கைப்பேசியில் கரண்ட் அளவு காட்டும் கோடு சரிவதைப் பார்த்து, “பாத்தீங்களா தம்பி, சூரியனே கைவிட்டுட்டார், பாப்பா வேலை போயிடும்” என்று கலங்கினார். ஜெயவேலு வந்து பார்த்து, “இன்னா சார், பேனலுக்கு காதுகுத்தா? ஒரு கட்டத்த மறைச்சாலே மொத்த வரிசையும் பட்த்துக்கும். சூரியன் கரீட்டா வந்துகினுதான் கீறாரு” என்று சிரித்தான். அண்ணி துடைக்க விடவில்லை. பட்டியல் வரட்டும் என்றார். ஒன்பது நாள் அவர் இருந்த விரதத்தில் தாம்பரமே இளைத்துப்போயிற்று.

நேற்று நீ கூப்பிட்டாய். கூரை வேலை படுத்தாலும் நூற்றுக்கணக்கான ஏக்கரில் பேனல் விரிப்பதும் வெயிலைப் பேட்டரியில் பிடித்துவைப்பதும் வளர்ந்துகொண்டேதான் இருக்கிறது, டேட்டா சென்டர்களுக்குக் கரண்ட் போதவில்லை, உன்னை அந்தப் பக்கம் மாற்றிவிட்டார்கள் என்றாய். அந்த நிமிஷமே வாளியோடு மாடியேறினேன். ஆறாவது பொட்டைத் துடைத்ததும் அடித்த வெளிச்சத்தில் சிறுசேரிக் கண்ணாடிக் கட்டடங்களில் திரையை இறக்கிவிட்டார்கள். மீட்டர் பின்னோக்கி ஓடிய வேகத்தில் நம் தெருவுக்கே காற்று வந்தது. அண்ணி அன்று நாற்பது தோசை சாப்பிட்டார்.

புது வேலையில் வெயிலில் நிற்க வேண்டியிருக்கும், தொப்பி போட்டுக்கொள். அப்பாவின் ஆசியும் என் ஆசியும் சேர்ந்து உனக்கு எப்போதும் உண்டு. அண்ணி சாப்பிட உட்காரும் நேரம் பார்த்து ஃபோன் பண்ணு. ஏனென்றால் தோசை நாற்பது இல்லை, நாலு. ஒன்பது நாளாக அரை டம்ளர் மோரோடு எழுந்துகொண்டவர் நேற்று நாலு சாப்பிட்டார் என்பது மட்டும் நிஜம். சுட்டுப்போட்டது நான்தான்.

உன் சித்தப்பா,
பொன்னுசாமி