நாலாம் நம்பரின் கோல்

பிப்ரவரி 8, ஞாயிறு

இரண்டாம் நிலை தேசிய மகளிர் லீக், பதினோராவது வாரம். விடாத மழை. எங்கள் ஊர் அணி 1-0. எண்பதாவது நிமிடம் இடது பக்கக் கார்னர், கோலுக்கு முன்னால் பத்துப் பேர் குவிந்தார்கள், பந்து உள்ளே. போட்டது பதினோராம் நம்பர், அணியில் எல்லோரும் சின்னவள் என்று கூப்பிடும் பெண். அவளுக்கு இது பத்தாவது. லீக்கிலேயே அதிகம். மாதக் கடைசியில் தேசிய அணியின் பயிற்சி முகாமுக்கு ஆள் எடுக்கிறார்கள். இந்த லீக்கிலிருந்து யாரையாவது கூப்பிட்டால் அதிக கோல் போட்டவளைத்தான் கூப்பிடுவார்கள் என்று பேச்சு.

இங்கே கேமரா கிடையாது. ஆட்டம் முடிந்ததும் மேட்ச் கமிஷனர் வழக்கம்போலத் தாளோடு என்னிடம் வந்தார். "எண்பதுல பதினொண்ணுதானே மேடம்?" ஆமாம் என்றேன். எழுதிக்கொண்டார். ரெஃப்ரிக்கு மறைந்துபோகும் கோல்களுக்கெல்லாம் இந்த லீக்கில் ஒன்பது வருடமாக என் நோட்டுதான் சாட்சி.

பார்வையாளர்கள் நாற்பத்தொரு பேர்.

பிப்ரவரி 9, திங்கள்

எங்கள் பேப்பரில் என் செய்தி ஆறு வரி வந்திருக்கிறது. சின்னவளின் அம்மா போனில் நன்றி சொன்னார். அடித்தது உங்கள் பெண், நான் எழுதினேன், அவ்வளவுதான் என்றேன்.

பிப்ரவரி 12, வியாழன்

மழையில் நின்றதற்குக் காய்ச்சல். நாள் முழுக்கப் படுக்கை.

பிப்ரவரி 15, ஞாயிறு

இன்று வேறு இரண்டு அணிகளின் ஆட்டம். அதில் ஒன்று போன வாரம் எங்களிடம் தோற்ற அணி. முடிந்தபின் அதன் கோல்கீப்பர் கையுறையைக் கழற்றிக்கொண்டே வந்தாள்.

"அக்கா, அன்னைக்கு எங்களுக்கு விழுந்த கோல் பதினொண்ணு போட்டதில்ல. நாலு. தலையால."

"நல்லாப் பாத்தியா?"

"என்னைத் தாண்டிப் போன பந்து. எனக்குத் தெரியாதா?"

குறை சொல்லும் குரல் இல்லை. மணி என்ன என்று கேட்டால் சொல்வதுபோலச் சொன்னாள்.

வீட்டுக்கு வந்து நோட்டை எடுத்தேன். எண்பதுக்கு நேரே 'கார்னர், இடது' என்று இருக்கிறது. அதை எழுதக் குனிந்தபோதுதான் பந்து போயிருக்கிறது. நிமிர்ந்தபோது சின்னவள் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு நின்றாள். நாலாம் நம்பர் சேற்றில் குப்புறக் கிடந்தாள். கை தூக்கினவள்தான் போட்டவள் என்று வைத்துவிட்டேன். இருபத்தேழு வருட நிருபர் வேலை. நான் பாக்கவே இல்லியே — பாக்காததை எழுதியிருக்கேன், அதுவும் கமிஷனர் தாள்வரைக்கும்.

வீட்டுக்காரரிடம் சொன்னேன். "குழம்புல உப்பு போட்டாச்சான்னு மூணு தடவை கேப்பே. கோல் போட்டது யாருன்னு ஒரு தடவை கேக்கலியா?" என்றார். சிரிக்க முடியவில்லை.

பிப்ரவரி 16, திங்கள்

நாலாம் நம்பரைப் பெரியவள் என்பார்கள். பல் மருத்துவமனை வரவேற்பில் சீட்டு எழுதுகிறாள். கன்னம் வீங்கிய இரண்டு பேருக்குப் பின்னால் நின்று என் முறை வந்ததும் கேட்டேன்.

"உன் தலையா?"

"ஆமாக்கா." காதுக்கு மேலே முடியை விலக்கி, பட்ட இடத்தைக் காட்டினாள்.

ஏழு சீசனாகத் தடுப்பு வரிசையில் ஆடுகிறவள். இதற்கு முன் ஒரு கோல்கூட இல்லை.

"ஏன்டி சொல்லல?"

"சொன்னா சின்னவளுக்கு ஒன்பதாயிடும். இன்னொரு டீம்காரி ஒருத்தியும் ஒன்பது. முகாமுக்கு அவளைக் கூப்பிட்டுட்டா? எனக்கு முப்பதாகப் போகுது. ஒரு கோலை வச்சுக்கிட்டு என்ன, ஊறுகாயா போடப்போறேன்?"

"தப்பு என்னோடது."

"இருந்துட்டுப் போகட்டும். நீங்க மாத்தி எழுதினீங்கன்னா, சொல்லிட்டேன், உங்ககூடப் பேசமாட்டேன்."

உள்ளேயிருந்து டாக்டர் மணி அடித்தார். அடுத்தவருடைய பெயரைக் கேட்டு எழுத ஆரம்பித்துவிட்டாள்.

பிப்ரவரி 17, செவ்வாய்

எழுதினால் ஒருத்தியின் முகாம் போகலாம். எழுதாவிட்டால் இன்னொருத்தியின் கோல் போயே போச்சு. அவளே வேண்டாம் என்கிறாள். அப்படியானால் சும்மா இருந்துவிடலாமா? அந்த ஒன்பது கோல்காரிக்கு யார் பதில் சொல்வது? அவளை நான் கேட்கக்கூட இல்லை.

பிப்ரவரி 18, புதன்

லீக் அலுவலகத்துக்குக் கடிதம் கொடுத்தேன்: நான் பார்க்கவில்லை, பார்த்த கோல்கீப்பர் இவர், விசாரித்துப் பதிவைத் திருத்துங்கள். கீப்பரையும் கமிஷனரையும் அங்கேயே போனில் பிடித்துக் கேட்டார்கள். கமிஷனர், "மேடம் சொன்னதைத்தான் எழுதினேன்" என்றார். உண்மை. திருத்தினார்கள்.

பிறகு விளையாட்டுப் பக்க ஆசிரியர். "நாப்பத்தொரு பேர் பாத்த மேட்சுக்குத் திருத்தமா? அந்த நாப்பத்தொரு பேரும் நம்ம பேப்பர் வாங்கறதில்லக்கா." இடம் மட்டும் கொடு என்றேன். கொடுத்தார்.

பிப்ரவரி 20, வெள்ளி

ஒன்பதாம் பக்கம், கீழே, டெண்டர் விளம்பரத்துக்கு மேல். மூன்று வரி.

காலை ஏழு மணிக்கே சின்னவள் போன். திட்டப்போகிறாள் என்று நாற்காலியில் உட்கார்ந்துகொண்டுதான் எடுத்தேன்.

"அக்கா, பந்து என்மேல படவே இல்ல. எனக்கு அன்னைக்கே தெரியும். வாயைத் திறந்தா பல்லைப் பிடுங்கிடுவேன்னு பெரியக்கா மிரட்டி வச்சிருந்தாங்க. பன்னெண்டு நாளா அவங்க மூஞ்சியைப் பாக்க முடியல. இப்போதான் சாப்பாடு இறங்குது."

"முகாம்?"

"கூப்பிட்டா போறேன். இல்லைன்னா அடுத்த வருஷம்."

போனை வைத்தபின் எனக்கும் பசித்தது.

பிப்ரவரி 22, ஞாயிறு

0-0. பெரியவள் என்னைப் பார்த்ததும் குனிந்து, ஏற்கெனவே கட்டியிருந்த ஷூ கயிற்றை அவிழ்த்துக் கட்டினாள். சொன்னதைச் செய்கிறாள்.

பிப்ரவரி 27, வெள்ளி

முகாம் பட்டியல் வந்துவிட்டது. இந்த லீக்கிலிருந்து இரண்டு பேர். சின்னவள் ஒருத்தி, அந்த இன்னொரு ஒன்பது கோல்காரி ஒருத்தி. பெயர்களை விரல் வைத்து மூன்று முறை படித்தேன். அப்பாடா.

முகாம் பயிற்சியாளரை அழைத்து, கோல் கணக்கு வைத்தா எடுத்தீர்கள் என்று கேட்டேன். "அதுக்குக் கால்குலேட்டர் போதுமே, நான் எதுக்கு? மூணு மேட்ச் அந்தப் பக்கத்துச் சுவரோரமா நின்னு பாத்தேன். உங்க ஊர்ப் பொண்ணு பந்து இல்லாதப்போ எங்க ஓடறான்னு பாத்தேன்." அந்த நாற்பத்தொரு பேரில் அவரும் ஒருவரா என்று கேட்கத் தோன்றவில்லை.

சின்னவளின் அம்மா மறுபடியும் நன்றி சொன்னார். இந்தமுறை மறுக்காமல் வாங்கிக்கொண்டேன்.

பிப்ரவரி 28, சனி

மதியம் பெரியவள் போன். பின்னால் பல் குடையும் மெஷின் சத்தம்.

"அக்கா, இருபதாம் தேதி பேப்பர் உங்க ஆபீஸ்ல இருக்குமா?"

"இருக்கும். ஏன்?"

"அன்னைக்குக் கோவத்துல வாங்கல."

எத்தனை வேண்டும் என்று கேட்டேன். யோசித்து, அஞ்சு என்றாள்.