நீங்கள் நிறுத்திய குளிசை

அண்ணை,

அரிசிக் கஞ்சி மேசையில் ஆறிக்கொண்டிருக்கிறது. இன்று காலை எனக்குக் கடைவாய்ப் பல் ஒன்று பிடுங்கினார்கள். கஞ்சி மணம் மூக்கில் ஏறியதும் உங்கள்மேல் உள்ள கோபம் திரும்பவும் கிளம்பிவிட்டது.

உங்களுக்குப் பல் பிடுங்கிய அன்றும் கஞ்சிதான் வைத்தேன். சூடாக எதுவும் வேண்டாம், மெதுவானதை மற்றப் பக்கத்தால் சாப்பிடுங்கள், பலமாகக் கொப்பளிக்காதீர்கள், இரத்தம் கட்டாமல் இருக்கப் போடுகிற இதயக் குளிசையை மட்டும் நிறுத்தவே கூடாது என்று டொக்டர் என் முன்னால்தான் சொன்னார். நீங்களும் தலையாட்டினீர்கள். வீட்டுக்கு வந்ததும் கோப்பையைத் தள்ளிவைத்தீர்கள்.

"உதை ஆர் குடிக்கிறது? ஒரு பல்லுப் போனா நான் பச்சைப்பிள்ளையே?"

புத்தூரில் உங்கள் கூட்டாளி வீட்டில் அன்று நண்டும் மீனும் போட்ட ஒடியற் கூழ். சைக்கிளில் போய், கொதிக்கக் கொதிக்கக் குடித்து, நண்டுக் காலையும் கடித்துவிட்டு வந்தீர்கள். மறுநாள் தலையணை உறையில் இரத்தத்தைக் கண்டதும் உங்களோடு கதைப்பதை விட்டேன். இரண்டு நாள் உங்கள் முகத்தைப் பார்க்கவில்லை. அதற்காக என்மேலும் எனக்குக் கோபம்தான்.

மூன்றாம் நாள் குளிசை மட்டையைப் பார்த்தேன். பல் பிடுங்கிய நாளிலிருந்து ஒன்றுகூடக் குறையவில்லை. கேட்டேன்.

"ரத்தம் நிக்கட்டுமெண்டு விட்டனான். இப்ப நிண்டிட்டுதுதானே," என்றீர்கள், ஏதோ கெட்டித்தனம் செய்தவர்போல.

டொக்டரிடம் ஒரு சொல் கேட்டிருக்கலாம். கூழ் குடித்ததைச் சொல்ல வெட்கமா? பின்னேரம் கூட்டிக்கொண்டு போகிறேன் என்றேன். மத்தியானமே உங்கள் வலக்கை விழுந்துவிட்டது. வாய் கோணி, என் பெயரைச் சொல்ல வரவில்லை. மூளைக்குப் போகும் இரத்தக் குழாயில் இரத்தம் கட்டிவிட்டதாம். ஒரு கிழமைகூட நீங்கள் தாங்கவில்லை.

செத்தவீட்டில் எல்லோரும் விதி என்றார்கள். விதியில்லை, அண்ணை. பிடிவாதம்.

இன்று பல் வைத்தியரிடம் என் முறைக்காக இருந்தபோது, பக்கத்து ஐயா ஒருவர் தானும் பல் பிடுங்க வந்திருப்பதாகவும், இரத்தம் ஓடாமலிருக்க இரண்டு நாளாக இதயக் குளிசையை விட்டிருப்பதாகவும் பெருமையாகச் சொன்னார். குளிசையை விட்டால் கை விழும், உயிரே போகும் என்று முன்பின் தெரியாத மனிசனை நான் பேசின பேச்சு! உங்களுக்குப் பேசாமல் விட்டதெல்லாம் அவருக்குப் போனது. அவர் கோபிக்கவில்லை.

"உப்பிடி ஆருக்கம்மா நடந்தது?" என்று கேட்டார்.

"என்ரை அண்ணைக்கு."

அவர் எழும்பிப்போய் டொக்டரின் கதவைத் தட்டினார்.

கோபத்தை ஆற்றச் சொல்கிறார்கள். நான் ஆற்றப்போவதில்லை.